எளிமை ஏழ்மை அன்று

எளிமையாக வாழுங்கள் என்று ஒருவன் எழுந்து நின்று சொன்னால், இக்கால் அவனைப் பார்த்து நகைப்பவர் இரு திறத்தார். ஒரு திறத்தார் வாங்குவதையே வாழ்வதாக எண்ணிக்கொண்டவர்கள். வீடு நிறையப் பொருளும், பெட்டி நிறையத் துணியும் சேர்த்து வைத்து, அவை அனைத்திற்கும் திங்கள்தோறும் தவணை கட்டிக்கொண்டிருப்பவர்கள். அவர்தம் நகைப்பைப் பற்றி நமக்குக் கவலையில்லை. மற்றொரு திறத்தார் இரண்டு வேளைக் கஞ்சிக்கு மூன்று இடங்களில் வேலை செய்பவர்கள். ‘எம்மிடம் விட்டுவிடுவதற்கு என்ன இருக்கின்றது?’ என்று அவர்கள் நகைக்கின்றனர். இந்த நகைப்பிற்குத்தான் நாம் மறுமொழி சொல்லியாக வேண்டும். எளிமையைப் பற்றி மேடையேறி முழங்கியவர்களுள் பெரும்பாலார் வயிறு நிறைந்தவர்கள். அவர்கள் புகழ்ந்த எளிமை, பசித்தவனை வாய்மூடிக் கிடக்கச் சொல்லும் அறிவுரையாகவே அவன் செவியில் விழுந்தது. அவன் அதனை ஐயுற்றதில் பிழை ஏதும் இல்லை.

ஆனால், இல்லாமையால் ஒடுங்கிக் கிடப்பது வேறு. இருந்தும் வேண்டாமென்று விலக்கி நிமிர்ந்து நிற்பது வேறு. முன்னது பிறர் நம்மீது சுமத்தியது. பின்னது நாமே தேர்ந்துகொள்வது. இவையிரண்டும் வெறுமனே வேறானவை மட்டுமல்ல, ஒன்றற்கொன்று பகையானவையும் ஆகும். ஓரிடத்தில் தேவைக்கு மேல் குவிவதனாலேயே மற்றோரிடத்தில் தேவைக்கும் கிட்டாமற் போகின்றது. ஆகவே, குவிப்பதை நிறுத்துபவன் தன் உள்ளத்தின் அமைதிக்காக மட்டும் அதனைச் செய்கின்றான் என்பதில்லை; எவனுக்கோ சேரவேண்டிய ஒன்றைத் தடுத்து வைத்திருந்த கையை எடுத்துவிடுகின்றான். இதனை அருளுரையாகச் சொல்லாமல், வரவு செலவுக் கணக்காகப் போட்டுக் காட்டியவர் ஒரு தமிழர். அவரைத் தமிழ்நாட்டில் இன்று எத்துணைப் பேர் அறிவர் என்று எண்ணும்பொழுது நாணமே மேலிடுகின்றது.

1892-ஆம் ஆண்டில் தஞ்சையில், ஒரு கிறித்தவக் குடியில் பிறந்தவர் சே.சி. குமரப்பா. சோசப்பு செல்லத்துரை கொர்னீலியசு என்பது அவருக்கு முதலில் இட்ட பெயர். பின்னர் அயற்பெயரை நீக்கிக் குமரப்பா என்னும் தம் முன்னோர் பெயரை மேற்கொண்டார். (இதனை நம் அன்பர்கள் சிறிது நின்று கருதிப் பார்ப்பார்களாக.) இலண்டனில் கணக்காய்வுக் கல்வி பயின்று, மும்பையில் கணக்காய்வு நிறுவனம் நடத்தினார். மேனாட்டு உடை, மேனாட்டுப் பழக்கம், நல்ல வருவாய் என எல்லாம் இருந்தன. பின்னர் அமெரிக்கா சென்று சிரக்கியூசுப் பல்கலைக்கழகத்திலும் கொலம்பியாப் பல்கலைக்கழகத்திலும் படித்தார். கொலம்பியாவில் அவர் ஆய்ந்தது அரசின் வரவு செலவுக்கும் இந்திய மக்களின் வறுமைக்கும் உள்ள தொடர்பு. ஆங்கிலேயன் வரியாகத் தண்டியது எவ்வளவு, அதில் மக்களுக்குத் திரும்பியது எவ்வளவு என்று எழுதி எழுதிப் பார்த்தவர், தம் கணக்கு ஏடுகளிலேயே தம் நாட்டின் அடிமைத்தனத்தைக் கண்டுகொண்டார். 1929-இல் நாடு திரும்பிச் சபர்மதியில் காந்தியடிகளைக் கண்டார். அதன்பின் அவர் மும்பை வாழ்வுக்குத் திரும்பவில்லை.

இங்கே ஒன்றை நாம் விளங்கிக்கொள்ளல் வேண்டும். குமரப்பா உலகை வெறுத்துத் துறவு பூண்டவர் அல்லர். கணக்காய்வாளராகவே இறுதிவரை இருந்தார். கணக்காய்வாளனின் வேலை எண்களைக் கூட்டுவது மட்டுமன்று. ஒவ்வொரு காசும் எங்கிருந்து வந்தது, எங்கே போனது, எவர் கையொப்பத்தில் போனது என்று கேட்பதே அவன் தொழில். 1934-இல் பீகாரை உலுக்கிய நிலநடுக்கத்தின்போது துயர்துடைப்புப் பணத்திற்குக் கணக்குப் பார்த்தவர் அவர். காந்தியடிகளும் அவருடன் வந்தவர்களும் தங்கியதற்கான செலவைக்கூட அப்பணத்திலிருந்து எடுக்கக்கூடாதென்று அவர் மறுத்துவிட்டதாகச் சொல்வர். நாம் போற்றும் தலைவருக்கு இப்படி ஒரு கணக்கன் வாய்த்திருந்தால் எத்துணை நன்றாக இருந்திருக்கும் என்று இந்நாட்டில் பல கட்சியினர் எண்ணிப் பார்க்கலாம், எண்ணமாட்டார்கள்!

அந்தக் கணக்கன் கண்ணையே அவர் வீட்டுப் பொருள்களின்மீதும் திருப்பினார். 1934-இன் இறுதியில் தோன்றிய அனைத்திந்தியச் சிற்றூர்த் தொழிற் கழகத்தை வார்தாவில், மகன்வாடி என்னும் இடத்திலிருந்து அவர் நடத்தினார். அங்கே அவர்கள் ஒரு விளக்கைச் செய்தார்கள். மண்ணெண்ணெய்க்கு மாறாக, வித்துகளிலிருந்து ஆட்டிய எண்ணெயில் எரியும் விளக்கு அது. ‘மண்ணெண்ணெய் மலிவாயிற்றே, இது எதற்கு வீண்வேலை?’ என்று படித்தவர்கள் கேட்டார்கள். கணக்கைப் பாருங்கள். மண்ணெண்ணெய்க்குக் கொடுத்த காசு ஊரை விட்டுப் போகின்றது, பிறகு நாட்டையும் விட்டுப் போகின்றது, திரும்புவதில்லை. ஆமணக்கெண்ணெய்க்கோ கடலையெண்ணெய்க்கோ கொடுத்த காசு செக்காட்டுபவர் கைக்குப் போய், அவரிடமிருந்து வித்து விளைத்த உழவர் கைக்குப் போகின்றது. பிண்ணாக்கு மாட்டுக்கோ நிலத்துக்கோ போகின்றது. மாட்டின் சாணம் எருவாகி மீண்டும் நிலத்துக்கே வருகின்றது. விளக்கு இரண்டும் ஒரே இருளைத்தான் போக்கின. ஆனால், ஒன்று எரிந்தபொழுது ஊர் சிறிது வறிதாயிற்று. மற்றொன்று எரிந்தபொழுது ஊரில் நான்கு பேருக்கு வேலை இருந்தது. அவ்விளக்கு இன்று எவர் வீட்டிலும் இல்லை. மின்விளக்கு வந்துவிட்டது, வரட்டும். விளக்குப் போகலாம், அந்தக் கணக்கு போகக் கூடாது.

1942-இல் எழுந்த விடுதலைப் போராட்டத்தின் தொடர்ச்சியாகச் சிறைப்பட்ட குமரப்பா, சபல்பூர்ச் சிறையில் இருந்தபொழுது ‘நிலைபேற்றுப் பொருளியல்’ என்று நாம் பெயர்க்கத்தக்க நூலை ஆங்கிலத்தில் எழுதினார். அது 1945-இல் காந்தியடிகளின் முன்னுரையோடு வெளிவந்தது. உயிர்கள் பிழைக்கும் முறைகளை அதில் அவர் ஐந்தாக வகுக்கின்றார். பிறவுயிரைக் கொன்று தின்னும் புலியைப்போல் வாழ்வது ஒன்று. தான் எதுவும் நடாமல், கண்ட மரத்தில் பழம் பறித்துத் தின்னும் குரங்கைப்போல் வாழ்வது அடுத்தது. தன் கூட்டைத் தானே கட்டும் பறவையைப்போல் உழைத்து வாழ்வது, தேனீயைப்போல் கூட்டத்திற்காக உழைப்பது, தாய்ப்பறவை குஞ்சுக்கு ஊட்டுவதுபோல் கைம்மாறு கருதாமல் பிறர்க்குச் செய்வது என ஏனைய மூன்றும் ஒன்றினொன்று உயர்ந்தன. இவ்வொப்புமையில் புலிக்குச் சற்று இழுக்குச் செய்துவிட்டார் என்றே நமக்குத் தோன்றுகின்றது. புலி பசித்தால்தான் கொல்லும். ஏழு தலைமுறைக்குச் சேர்த்து வைக்கும் புலியை எவரும் கண்டதில்லை. அது போகட்டும். ஒரு மாந்தன் எவ்வளவு வைத்திருக்கின்றான் என்று அளப்பதை விட்டுவிட்டு, எவ்வாறு பிழைக்கின்றான் என்று அளந்தாரே, அதுவே இங்குப் பெரிது. ஏழையும் குரங்காக வாழக் கூடும். செல்வனும் தேனீயாக வாழக் கூடும். ஆயினும் செல்வம் பெருகப் பெருகத் தேனீயாக இருப்பது அரிதாகிக்கொண்டே போகின்றது.

அந்நூலில் மற்றொரு பிரிவும் உண்டு. இயற்கை தரும் வளங்களை அவர் இரண்டாகப் பிரிக்கின்றார். தேங்கிக் கிடந்து, எடுக்க எடுக்கக் குறைபவை ஒரு வகை. நிலக்கரி, கன்னெய், இரும்பு முதலியன இவை. ஓடிக்கொண்டேயிருந்து, முறையாகக் கையாண்டால் மீண்டும் மீண்டும் கிடைப்பவை மற்றொரு வகை; நீர், காடு, பயிர் முதலியன அவை. தேக்க வளத்தின்மேல் வாழ்வைக் கட்டியெழுப்பினால் அது குறையக் குறைய அடிபிடி வரும், போர் வரும் என்றார். எழுதியது எப்பொழுது? கன்னெய்க்காகப் படைகள் பாலைவனங்களில் திரள்வதற்குப் பல்லாண்டுகள் முன்பு! 1990-இல் குவைத்தினுள் ஈராக்குப் படை புகுந்ததும், 1991-இலும் 2003-இலும் ஈராக்கின்மீது அமெரிக்கா தலைமையில் போர் நடந்ததும் நாம் அறிந்தவையே. இன்று இந்திய நாடு தனக்கு வேண்டிய கன்னெய்யில் நூற்றுக்கு 80 பங்கிற்கும் மேல் வெளிநாடுகளிடமிருந்தே வாங்குகின்றது. நாம் தெருமுனைக் கடைக்குப் போவதற்கு ஈருருளியை முடுக்கும்பொழுது, எங்கோ தொலைவில் நடக்கும் சண்டையொன்றின் விலைச்சீட்டில் நம் பெயரும் எழுதப்படுகின்றது. இக்கருத்துகளை மேலைநாட்டார் மறக்கவில்லை. ‘சிறியதே அழகு’ என்னும் புகழ்பெற்ற நூலை 1973-இல் எழுதிய சூமேக்கர் அதனுள் குமரப்பாவை மேற்கோள் காட்டுகின்றார். நம்மவர்கள் சூமேக்கரைப் படித்துத்தான் குமரப்பாவை அறிந்தார்கள்.

இன்னுமொரு கடுமையான கருத்து அவருடையது. விலை கொடுத்துவிட்டோம், நம் கடமை முடிந்தது என்று வாங்குபவன் எண்ணக்கூடாது என்கின்றார். ஒரு பொருள் கட்டாய உழைப்பால் விளைந்திருந்தால், அடிபட்டவனின் கண்ணீர் அதில் கலந்திருந்தால், அதனை விரும்பி வாங்குபவனுக்கும் அப்பழியில் பங்குண்டு. ஆப்பிரிக்காவின் மேலைக் கரையில் கட்டாய உழைப்பில் விளையும் கோக்கோவையே இதற்கு எடுத்துக்காட்டாக அவர் காட்டினார். இது மிகைபோல் தோன்றலாம். ஆயினும், பொருள் எத்துணைத் தொலைவிலிருந்து வருகின்றதோ அத்துணைக்கு அதன் பிறப்பு நம் கண்ணுக்கு மறைகின்றது என்பதை எவர் மறுக்க இயலும்? நம் ஊர்த் தறியில் நெய்தவன் பட்டினி கிடந்தால் நமக்குத் தெரியும். தெரிந்தும் விலையைக் குறைத்துக் கேட்க நா எழாது. கடல் கடந்து வரும் சட்டையைத் தைத்தவள் பட்டினியா, உறங்கினாளா என்பது நமக்குத் தெரியாது. அந்தத் தெரியாமைதான் அதன் மலிவு.

இனி நம் வீட்டு வாயிலுக்கு வருவோம். திருமணத்திற்குக் கடன், வீட்டின் முகப்புக்குக் கடன், கைப்பேசிக்குத் தவணை, வண்டிக்குத் தவணை, முன்னர் வாங்கிய கடனைக் கட்ட மற்றொரு கடன், நகை அடகுக் கடையில். மருத்துவத்திற்கும் பிள்ளை படிப்பிற்கும் கடன் படுபவரைப் பற்றி நாம் ஒரு சொல்லும் குறைத்துச் சொல்ல மாட்டோம். அது அரசு செய்யத் தவறியதன் சுமை. தோற்றத்திற்காகப் படும் கடனைத்தான் சொல்கின்றோம். அண்டை வீட்டான் கண்ணில் நாம் தாழ்ந்துவிடக் கூடாது என்று வாங்குகின்றோம். அவனும் நம் கண்ணுக்கு அஞ்சியே வாங்குகின்றான். இருவர் அச்சத்திலும் ஊதியம் காண்பவன் மூன்றாமவன். சிற்றூர்ப் பெண்களைக் குழுவாகச் சேர்த்துக் கடன் கொடுத்து, கிழமைதோறும் வீட்டு வாயிலில் வந்து நின்று தண்டும் நிறுவனங்களின் கொடுமை எல்லை மீறியதனால், கடன் தண்டுவோரின் அடாவடியைத் தடுக்க 2025-இல் தமிழ்நாட்டுச் சட்டமன்றம் தனிச் சட்டமே இயற்ற நேர்ந்தது. சட்டம் வாயிலில் நிற்பவனைத் தடுக்கலாம். வீட்டினுள் தொலைக்காட்சியிலும் கையிலுள்ள பேசியிலும் அமர்ந்துகொண்டு, ‘இது இல்லாவிட்டால் நீ ஆளே இல்லை’ என்று நாள் முழுதும் ஓதிக்கொண்டிருப்பவனை எந்தச் சட்டம் தடுக்கும்?

கடன்பட்டவன் தன் வருங்காலத்தை விற்றவன். நாளைய உழைப்பு இன்றே விலைபோய்விட்டபின், முதலாளியிடம் ‘இது முறையன்று’ என்று சொல்ல அவனுக்கு நாவெழாது. வேலையை விட்டுவிட்டால் அடுத்த திங்கள் தவணை என்னாவது? போராட்டத்திற்கு வரவேண்டிய இளைஞன் வராமற் போவதற்கும், நேர்மையான அலுவலர் ஒருவர் முதன்முறையாகக் கைநீட்டுவதற்கும் பின்னணியைத் துருவிப் பார்த்தால், பலவிடங்களில் ஒரு தவணைச் சீட்டு கிடைக்கும். தேவையைக் குறைத்தவனை விலைக்கு வாங்குவது கடினம். எளிமை நமக்கு வேண்டியது இதற்காகவே. உடலை வருத்தி நல்வினை தேடுவதற்காக அன்று.

‘அப்படியாயின் பழைய ஊருக்கே திரும்பச் சொல்கின்றீர்களோ? உரலில் நெல் குத்திக் குத்தி நம் தாய்மார் இடுப்பொடிந்தது போதாதோ?’ என்று கேட்பவர் உளர். முறையான கேள்வியே. குமரப்பா ஆலையில் தீட்டிய வெள்ளையரிசியை எதிர்த்தார். தவிட்டோடு போகும் ஊட்டத்தையும், குத்தும் தொழிலை இழந்த பெண்களின் கூலியையும் ஒருசேரக் கணக்கிட்டே எதிர்த்தார். தீட்டிய அரிசியையே உண்டவர்களுக்குக் கால் வீங்கித் தளரும் நோய் வந்ததை மருத்துவர்களும் கண்டறிந்திருந்தனர். அதற்காக உரலை அப்படியே வைத்திருங்கள் என்று அவர் சொல்லவில்லை. மகன்வாடியில் நடந்த வேலையில் பெரும்பகுதி செக்கையும் அடுப்பையும் பிற கருவிகளையும் திருத்துவதுதான். பொறி ஒன்றை ஏற்பதா தள்ளுவதா என்பதற்கு, அது உழைப்பவன் கையில் இருக்கின்றதா, உழைப்பவன் அதன் கையில் இருக்கின்றானா என்று பார்த்தால் போதும்.

இதனினும் பெரிய கேள்வி ஒன்றுண்டு. எளிமை பேசுவோர் பெரும்பாலும் அதனைத் தொடுவதில்லை. தன்னிறைவு பெற்ற ஊர் என்று நாம் புகழ்ந்து பேசும் பழைய ஊரில், சேரி எங்கே இருந்தது? எவனுடைய நிலத்தில் எவன் உழுதான்? ஊர் நிறைந்திருந்தது, உழுதவன் குடிசை நிறைந்திருந்ததா? நிலமில்லாதவனிடம் போய்த் தன்னிறைவாக வாழ் என்பது, காலில்லாதவனை ஓடச் சொல்வதாகும். குமரப்பா இதிலிருந்து நழுவவில்லை என்பதனாலேயே நாம் அவரை மதிக்கின்றோம். விடுதலைக்குப் பின் காங்கிரசுக் கட்சி அமைத்த நிலச்சீர்திருத்தக் குழுவிற்கு அவரே தலைவர். 1949-இல் வெளிவந்த அதன் அறிக்கை, நிலத்தைக் குத்தகைக்கு விட்டு உண்பதைத் தடுக்க வேண்டும் என்றது. ஒரு குடி பிழைப்பதற்குப் போதிய நிலத்தின் மும்மடங்கிற்கு மேல் எவரும் வைத்திருத்தல் ஆகாது என்றது. ஆட்சிக்கு வந்தவர்களோ அவ்வறிக்கையைப் போற்றினார்கள். பிறகு பெட்டியில் வைத்துப் பூட்டினார்கள். தமிழ்நாட்டில் 1961-இல் வந்த உச்சவரம்புச் சட்டம் 30 நிலையேக்கர் என்றது. 1970-இல் அது 15 ஆயிற்று. பிறர் பெயரில் எழுதி வைத்துத் தப்பிய நிலங்களின் கதையை ஒவ்வோர் ஊரும் சொல்லும்.

குமரப்பா தம் இறுதி ஆண்டுகளை மதுரைப் பக்கத்துக் கல்லுப்பட்டியில், காந்தி நிகேதனில் ஒரு சிறு குடிலில் கழித்தார். அக்குடிலில் காந்தியடிகளின் படமும், ஏழை உழவன் ஒருவனின் படமும் இருந்தனவாம். வந்தவர் கேட்டபொழுது, ‘அவர் என் தலைவர்; இவன் என் தலைவருக்குத் தலைவன்’ என்னும் கருத்துப்பட மறுமொழி சொன்னார் என்பர். 1960-ஆம் ஆண்டு சனவரி 30-ஆம் நாள் சென்னையில் மறைந்தார்.

இன்று எளிமையும் கடைச் சரக்காகிவிட்டது. மண்சட்டியும் கைத்தறியும் செக்கெண்ணெயும் கண்ணாடி மாடத்தில் அடுக்கப்பட்டு, செய்தவன் கனவிலும் காணாத விலைக்கு விற்கப்படுகின்றன. கிழமை முழுதும் குளிரறையில் இருந்தவர்கள், இரண்டு நாள் ‘இயற்கை வாழ்வு’ வாழ்வதற்கு மகிழ்வுந்தில் நூறு கல் தொலைவு போகின்றார்கள், திரும்பி வருகின்றார்கள். இவர்களைக் கடிந்து பயனில்லை. ஆனால், இதுதான் எளிமை என்று ஏழைப் பிள்ளைகள் எண்ணிவிடக் கூடாது. நாம் சொல்வது இதனினும் மலிவானது, இதனினும் கடினமானது. ஒரு திங்கள் முழுதும் வீட்டிற்குள் வந்த பொருள்களை எல்லாம் ஓர் ஏட்டில் எழுதுக. ஒவ்வொன்றின் எதிரிலும் விலையை எழுதுமுன், அதனைச் செய்தவர் எவர் என்று எழுத முயல்க. எழுத இயலாத பொருள்கள் எத்தனை என்று வீட்டார் அனைவரும் கூடியிருந்து எண்ணுக. விளைவதையும் செய்வதையும் அண்டையிலேயே பெற இயலுமானால் அங்கே பெறுக. ஒரு முருங்கையும் ஒரு வாழையும் வைக்க இடமிருந்தால் வைக்க. துணியைத் தைத்து உடுத்துக. உறவினர் திருமணத்தில், ‘ஏன் இவ்வளவு சுருக்கமாக?’ என்று எவரேனும் கேட்டால், அவர் கேட்கட்டும்.

பனையைப் பற்றிச் சொல்லாமல் இதனை முடித்தல் இயலாது. குமரப்பா பனைவெல்லத்திற்காக வாதாடியவர். கரும்புக்கு நல்ல நிலமும் நிறைந்த நீரும் வேண்டும். அந்த நிலத்தில் நெல்லும் பயறும் விளைக்கலாம். பனையோ எவரும் நீரூற்றாத மேட்டிலும் மணலிலும் தானே நின்று இனிப்புத் தருகின்றது. தேக்க வளம் எது, ஓடும் வளம் எது என்பதற்கு இதனினும் தெளிவான பாடம் நம் மண்ணில் இல்லை. நாமோ அதனை வெட்டிச் செங்கற் சூளையில் எரித்தோம். தமிழ்நாட்டின் மரம் என்று அரசு பெயர் சூட்டிய பின்னும் எரித்தோம். மாவட்ட ஆட்சியர் இசைவின்றிப் பனையை வெட்டலாகாது என்னும் அறிவிப்பு வந்தது 2021-இல்தான். மரத்தைக் காக்க அறிவிப்பு வந்துவிட்டது. ஏறுபவரைக் காக்க என்ன வந்தது? தவறினால் உயிர் போகும் தொழில். ஆண்டிற்குச் சில திங்களே வேலை. ஊரார் தரும் மதிப்போ அதனினும் குறைவு. அவருடைய பிள்ளை ஏற மறுப்பதை எவர் குறை சொல்ல முடியும்? கருப்புக்கட்டி வாங்கப் போகும் அன்பர்கள், அதில் ஆலைச் சருக்கரை கலந்திருக்கின்றதா என்று கேட்கின்றார்கள், கேட்க வேண்டியதுதான். அதோடு, ஏறியவருக்கு இதில் என்ன கிடைத்தது என்பதையும் கடைக்காரரிடம் ஒருமுறை கேட்டுப் பார்க்கட்டும்.